துரை (தோட்ட மனேஜர்) மேல் வழக்குப் போடுமுன்: சம சம்பள முறைப்பாட்டில் நாம் விடும் பிழைகள்

இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே நாட்சம்பளம் என்று வந்தது 1984இல். ஆனாலும் மத்தியானத்தோடு கவ்வாத்து (தேயிலைச் செடி வெட்டும்) வேலையை முடித்துக் குளித்துவிட்டு லயத்து வாசலில் உட்கார்ந்திருக்கும் ஆளுக்கும், நாலரை மணி நிறுவை வரை கொழுந்தோடு நிற்கிற பெண்ணுக்கும் விழுவது ஒரே பேர்தான், அதாவது ஒரு நாள் சம்பளம். அவளுக்கு இரண்டு கிலோ குறைந்தால் அரைப்பேர். கோபம் வராமல் இருக்குமா? வரட்டும், ஆனால் அந்தக் கோபத்தை அப்படியே கடதாசியில் கொட்டிக் கொடுத்தால் வழக்கு நிற்காது.

தொழில் அதிகாரி வந்து முதலில் ஒபீசுக்குள் போய் துரையிடம் விளக்கம் கேட்டால் 'காசு வாங்கிட்டாரு' என்று உடனே முடிவு கட்டிவிடுகிறோம் (வாங்குகிறவர்களும் இருக்கிறார்கள், அது வேறு கதை). சம்பள நிர்ணய சபைகள் கட்டளைச் சட்டம் 1941ஆம் ஆண்டினது, அதன்படி நிர்ணயித்த சம்பளத்தைக் குறைத்துக் கொடுப்பது குற்றம். குற்றம் என்று வந்துவிட்டால் துரையும் எதிரிதான் (குற்றம் சாட்டப்பட்டவர்), எந்த எதிரிக்கும் உள்ள உரிமை அவருக்கும் உண்டு: அரசியலமைப்பின் 13(3) நியாயமான விசாரணையைத் தருகிறது, 13(5) தீர்ப்பு வரும்வரை அவரைச் சுற்றவாளியாகவே (குற்றமற்றவராகவே) கருதச் சொல்கிறது. அவரைக் கேட்காமலே போட்ட வழக்கில் அவருடைய சட்டத்தரணி முதலில் பிடிப்பது அந்த ஓட்டையைத்தான். பேஸ்புக்கில் படத்தைப் போட்டுக் 'கள்ளன்' என்று எழுதுவதும் அவருக்கு நாமே எடுத்துக் கொடுக்கும் கத்தி.

அடுத்தது, 'பெண்களுக்கு அநியாயம் நடக்குது' என்ற ஒரே வரி முறைப்பாடு. 1979ஆம் ஆண்டு 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டப்படி எங்கே, எப்போது, யாருக்கு என்பதெல்லாம் குற்றச்சாட்டில் இருக்க வேண்டும். எந்த மாதம், எத்தனை பேர், எவ்வளவு கொழுந்து, கைக்கு வந்தது எவ்வளவு என்று எழுதுங்கள். கங்காணியின் பேரை மட்டும் எழுதி விடாதீர்கள், சம்பளச் சீட்டில் முதலாளியாக யார் இருக்கிறார் என்று பாருங்கள்.

தொகையிலும் சறுக்குகிறோம். 2024 மே மாதம் நாட்சம்பளம் 1700 ரூபா என்று வர்த்தமானி வந்தது, ஜூலையில் உயர் நீதிமன்றம் (சுப்ரீம் கோர்ட்) இடைக்காலத் தடை போட்டது, செப்டம்பரில் அடிப்படை 1350 ஆனது. எல்லா மாதத்துக்கும் 1700 கணக்குப் போட்டு நிலுவை கேட்டால் முழுக் கணக்கையும் சந்தேகப்படுவார்கள். அன்றைக்கு அமுலில் இல்லாத தொகைக்காக இன்றைக்கு ஒருவரைக் குற்றவாளியாக்க அரசியலமைப்பின் 13(6) விடாது.

ஆணுக்கு ஆறு மணி நேரம், பெண்ணுக்கு ஒன்பது என்ற வித்தியாசம் வேறு. குறைந்தபட்சச் சம்பளம் முழுசாகக் கொடுத்திருந்தால் அதை மட்டும் வைத்துச் சம்பளக் குறைப்பு வழக்கு போட முடியாது. அது தொழிற்சங்கம் பேசித் தீர்க்க வேண்டிய விஷயம். பால் அடிப்படையில் பாரபட்சம் கூடாது என்று அரசியலமைப்பின் 12(2) இருக்கிறதே என்று நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓடுகிறவர்களுக்கும் ஒன்று: அடிப்படை உரிமை மனு அரச நடவடிக்கைக்கு எதிராகத்தான், அதுவும் ஒரு மாதத்துக்குள். கம்பனித் தோட்டத்தில் அது கைகொடுப்பது கஷ்டம்.

சாட்சிகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுப்பதுதான் எனக்கு எரிச்சலான பிழை. எங்கள் பக்கத்தில் ஒரு விசாரணைக்குப் பன்னிரண்டு பெண்களின் வாக்குமூலத்தையும் சங்கத் தலைவரே உட்கார்ந்து எழுதினார், எல்லாவற்றிலும் அதே 'பாலின ரீதியான பாரபட்சம்'. கம்பனிச் சட்டத்தரணி ஒரு அம்மாவிடம் மெதுவாகக் கேட்டார், "பாரபட்சம்னா என்னம்மா?" அவர் தலைவரைத் திரும்பிப் பார்த்தார். அவ்வளவுதான், மற்றப் பதினொன்றும் போச்சு. அவர்கள் சொன்னதில் ஒரு பொய்யும் இல்லை, சொற்கள்தான் அவர்களுடையவை இல்லை. சிங்களத்தில் எழுதியதற்கு, வாசித்துச் சொல்லாமல் கையெழுத்துப் போடுவதும் இதே கூத்துதான். தமிழில் எழுதக் கேளுங்கள், அந்த உரிமை இருக்கிறது.

அதே தோட்டத்தில் ஒரு அக்கா ஒவ்வொரு நாள் நிறுவையையும் மகளின் பழைய கணக்குக் கொப்பியில் பென்சிலால் குறித்து வைத்திருந்தார், மழை நனைந்த பக்கம் உட்பட. செக்ரோலோடு (தோட்டத்து வேலை, சம்பளப் பதிவேடு) ஒத்துப் பார்க்கத் தேவையான ஒரே கடதாசி அதுதான், அதை யாரும் கேட்கவில்லை. உங்களிடம் அப்படி ஒன்று இருந்தால் முறைப்பாட்டோடு சேர்த்தே கொடுங்கள், அதற்கும் பதில் சொல்லத் துரைத் தரப்புக்கு நேரம் இருக்கட்டும். ஆனால் கொப்பியையே கொடுத்துவிட்டு வராதீர்கள், போட்டோக்கொப்பி போதும்.