எச்டி பிரிண்ட் என்றால் என்ன? படம் பார்க்கும் முன் ஒரு சின்ன பாடம்

படம் வெளியான மறுநாளே குடும்ப வாட்ஸ்அப் குழுவில் யாராவது ஒரு லிங்க்கைத் தட்டிவிடுவார்கள். "மாப்ளே, எச்டி பிரிண்ட்!" திறந்து பார்த்தால் திரை கோணலாக நிற்கும், ஓரத்தில் ஒருவர் பாப்கார்னோடு எழுந்து போவார், காமெடி வரும் முன்பே தியேட்டர் சிரிக்கும்.

1. பெயரைப் படியுங்கள்

கோப்பின் பெயரில் இருக்கும் சொற்கள், பிரதி எங்கிருந்து எடுக்கப்பட்டது என்பதைச் சொல்கின்றன. கேம்ரிப் என்றால் தியேட்டரில் கேமராவில் பிடித்தது. டிஎஸ் (TS, டெலிசிங்க்) என்றால் படம் அதே லட்சணம்தான், ஒலியை மட்டும் தனியாக எடுத்து ஒட்டியிருப்பார்கள். முன்னால் எச்டி சேர்த்தாலும், பின்னால் 1080பி (ஃபுல் எச்டி) என்று போட்டாலும் கேமரா பார்க்காத விவரம் புதிதாக முளைக்காது.

வெப்-டிஎல் என்பது ஓடிடி தளத்தின் கோப்பை அப்படியே உருவியது. வெப்ரிப் என்பது ஓடும்போது பதிவு செய்து மறுபடி சுருக்கியது. ப்ளூரே ரிப் வட்டிலிருந்து வந்தது. தரம் கூடக் குறைய இருக்குமே தவிர, உரிமை இல்லாதவர் பரப்பினால் எல்லாமே திருட்டுதான்.

கேமரா பிடிப்பவர்கள் தப்பிவிடலாம் என்று நினைக்கிறார்கள். டிஜிட்டல் புரொஜக்டர்கள் படத்துக்குள்ளேயே கண்ணுக்குத் தெரியாத அடையாளத்தைப் பதிக்கின்றன. எந்த தியேட்டர், எந்த நேரம் என்பதை அதிலிருந்து எடுத்துவிடலாம். திரைப்படச் சட்டத்தின் 2023 திருத்தப்படி 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. அபராதம் குறைந்தது 3 லட்சம். தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை போகலாம்.

2. ஒரு கணக்கு போடுங்கள்

தரத்தை முடிவு செய்வதில் பிட்ரேட்டுக்கு, அதாவது ஒரு விநாடிப் படத்துக்கு எவ்வளவு தகவல் இருக்கிறது என்பதற்கு, பெரிய பங்கு உண்டு. கோப்பின் அளவை ஜிபியில் எடுத்து 8000 ஆல் பெருக்கி, படத்தின் நீளத்தை விநாடியாக்கி அதால் வகுங்கள். விநாடிக்கு எத்தனை மெகாபிட் என்று வரும். இரண்டரை மணி நேரம் என்றால் 9000 விநாடி. 700 எம்பி கோப்பு என்றால் விநாடிக்கு 0.6 மெகாபிட்தான் வரும். ஃபுல் எச்டிக்கு நெட்ஃபிளிக்ஸ் பரிந்துரைக்கும் இணைய வேகமே 5 மெகாபிட். இருட்டுக் காட்சியில் முகமெல்லாம் கட்டம் கட்டமாகத் தெரிவது இதனால்தான். தியேட்டர் கோப்போ 250 மெகாபிட் வரை போகும். அதனால்தான் சில படங்களை அங்கேயே பார்க்கச் சொல்கிறேன்.

3. எங்கே இருக்கிறது என்று தேடுங்கள்

தமிழ்ப் படங்கள் பெரும்பாலும் சில வாரங்களில் ஓடிடிக்கு வந்துவிடுகின்றன. ஜஸ்ட்வாட்ச் தளத்தில் நாட்டை இந்தியா என்று வைத்துப் படத்தின் பெயரைத் தட்டினால், எந்தத் தளத்தில் இருக்கிறது, சந்தாவா வாடகையா என்று காட்டும். ஒரே படத்துக்காக மாதச் சந்தா கட்டத் தயக்கமா? யூடியூப்பில் வாடகைக்குக் கிடைக்கிறதா பாருங்கள். வாடகைப் படத்தைத் தொடங்கிவிட்டால் பெரும்பாலும் 48 மணி நேரத்துக்குள் முடிக்க வேண்டும்.

பழைய படங்கள் பல, உரிமை வாங்கிய நிறுவனங்களின் யூடியூப் சேனலிலேயே இலவசமாக இருக்கின்றன. திருட்டுப் பதிவேற்றத்தைக் கண்டுபிடிக்க ஒரு குறுக்குவழி உண்டு. கடைப் பலகை எழுத்து கண்ணாடியில் தெரிவது போல் இடவலம் மாறி இருக்கிறதா, நாயகன் இடது கையால் சோறு பிசைகிறாரா என்று பாருங்கள். யூடியூப்பின் தானியங்கிச் சோதனையை ஏமாற்றப் படத்தையே இடவலமாகத் திருப்பிப் போட்டிருப்பார்கள்.

4. காசு கட்டிய தரம் வருகிறதா?

இங்கேதான் நான் ஏமாந்தேன். பெரிய பிளானாகப் போட்டும் போனில் படம் மங்கலாகவே வந்தது. ஒரு மாதம் இணையத்தைத் திட்டினேன். கடைசியில் பார்த்தால் குற்றவாளி என் போன்! ஆண்ட்ராய்டு போன்களில், படத்தை நகல் எடுக்கவிடாமல் தடுக்கும் வைட்வைன் என்றொரு டிஜிட்டல் பூட்டு உண்டு. அதன் பாதுகாப்பு நிலை எல்1 ஆக இருந்தால்தான் பெரிய தளங்கள் எச்டி தரும். எல்3 என்றால் எச்டிக்குக் கீழான 480பியோடு சரி. நெட்ஃபிளிக்ஸ் செயலியின் அமைப்புகளில் பிளேபேக் விவரத்தைத் திறந்தால் தெரிந்துவிடும். போன் வாங்கும் முன்பே இதைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

அப்புறம், டேட்டா சேவர் ஆன் ஆகியிருக்கிறதா என்றும் பாருங்கள். ஃபுல் எச்டி மணிக்கு 2 ஜிபிக்கு மேல் தின்னும். தினம் ஒன்றரை ஜிபி பேக் இடைவேளைக்கே தாங்காது. வைஃபை கிடைக்கும்போது செயலியிலேயே டவுன்லோட் பட்டனை அழுத்தி வைத்துவிடுங்கள். அந்த டவுன்லோடுக்கு யாரும் உங்களைத் தேடி வரமாட்டார்கள்.