அதே குளிசை, அதே அளவு: டிஜொக்சின் நஞ்சாகும்போது கண்டுகொள்வது எப்படி, செய்யவேண்டியது என்ன

கொட்டாஞ்சேனையில் இருக்கும் என் பெரியம்மா ஒரு நாள் பின்னேரம், "தம்பி, ரியூப் லைட்டைச் சுத்தி மஞ்சளாய் ஒரு வட்டம் தெரியுது. கண்ணாடியை மாத்தவேணும் போல கிடக்கு" என்றார். அதற்கு முந்தைய நான்கு நாள்களாக அவருக்கு வயிற்றோட்டம் இருந்தது. சோற்றைக் கண்டாலே ஓக்காளம் வருகிறதென்று கஞ்சியோடு நிறுத்தியிருந்தார். ஆனாலும் காலைக் குளிசைகளை மட்டும் ஒரு நாளும் தவறவிடவில்லை. நாங்களும் கண் வைத்தியரிடம் நாள் குறித்துவிட்டோம். மறுநாள் விடிய நாடியைப் பிடித்துப் பார்த்தபோது நிமிடத்துக்கு 44 துடிப்புத்தான் இருந்தது. பல ஆண்டுகளாக அவர் ஒழுங்காக விழுங்கிவந்த டிஜொக்சின், அளவு மாறாமலே, அவருக்கு நஞ்சாகியிருந்தது.

டிஜொக்சின் மிகப் பழைய இதய மருந்துகளில் ஒன்று. இதயத்தின் மேலறைகள் ஒழுங்கின்றித் துடிக்கும்போது வேகத்தைக் குறைப்பதற்கும், தளர்ந்த இதயத்தின் சுருக்கத்துக்கு வலுவூட்டுவதற்கும் அது கொடுக்கப்படுகிறது. ஃபொக்ஸ்குளோவ் என்னும் ஐரோப்பியச் செடியின் இலையை உடல் வீக்கத்துக்குக் கொடுத்துப் பார்த்து 1785இல் விரிவாக எழுதிய வில்லியம் விதரிங் என்ற ஆங்கில வைத்தியரே, அளவு மிஞ்சினால் பொருள்கள் பச்சையாகவும் மஞ்சளாகவும் தெரியும் என்று குறித்துவைத்திருக்கிறார். நம் வேலியோரங்களில் பூக்கும் மஞ்சள் அலரியின் நஞ்சும் இதே இனத்தைச் சேர்ந்ததாகையால், இதன் போக்கு இலங்கை வைத்தியர்களுக்கு நன்கு பழகிய ஒன்று. மருந்தாக வேலைசெய்யும் அளவுக்கும் நஞ்சாகும் அளவுக்கும் இடையே உள்ள தூரம் மிகக் குறைவு: இதயத் தளர்ச்சிக்கு ஒரு மில்லிலீற்றர் இரத்தத்தில் 0.5 முதல் 0.9 நானோகிராம் வரை போதும் என்பார்கள். 2 நானோகிராமைத் தாண்டினால் நச்சு அறிகுறிகளை எதிர்பார்க்கவேண்டும்.

குளிசையைக் கூடுதலாக விழுங்கினால்தான் நஞ்சேறும் என்று வீடுகளில் நம்பிக்கொண்டிருக்கிறோம். முதியவர்களைப் பொறுத்தவரை பெரும்பாலும் குளிசை மாறுவதில்லை, உடல்தான் மாறுகிறது. இந்த மருந்தில் பெரும்பகுதியைச் சிறுநீரகங்களே வெளியேற்றுகின்றன. வயிற்றோட்டத்தாலோ காய்ச்சலாலோ உடலில் நீர் வற்றும்போது சிறுநீரகங்கள் மந்தமடைய, நேற்றைய குளிசை வெளியேறுமுன்பே இன்றைய குளிசை உள்ளே போய்ச் சேர்கிறது. அதே வயிற்றோட்டத்தில் பொட்டாசியமும் வெளியேறிவிடுகிறது. இதயத் தசையில் டிஜொக்சின் பற்றிக்கொள்ளும் இடத்துக்குப் பொட்டாசியமும் போட்டியிடுவதால், அது குறையும்போது மருந்தின் பிடி இறுகுகிறது. கால் வீக்கத்துக்காக ஃபுரோசமைட் போன்ற சலம் போகிற குளிசையும் எடுப்பவராயின் நீரும் பொட்டாசியமும் இன்னும் வேகமாக இறங்கும். இரத்தத்தில் மருந்தின் அளவு சரியாக இருக்கிறதென்று அறிக்கை சொன்னாலும், பொட்டாசியம் குறைந்திருந்தால் நஞ்சின் அறிகுறிகள் தோன்றலாம்.

புதிதாகச் சேரும் மருந்துகளும் இதையே செய்யும். அமியோடரோன், வெரபமில் ஆகிய இதய மருந்துகளும், கிளரித்ரோமைசின், எரித்ரோமைசின் ஆகிய நுண்ணுயிர்க்கொல்லிகளும் டிஜொக்சினின் அளவை உயர்த்தக்கூடியவை; அமியோடரோன் தொடங்கும்போது டிஜொக்சினைப் பாதியாகக் குறைப்பது வழக்கம். கொழும்பில் நம்மவர்கள் இதயத்துக்கு அரசாங்க வைத்தியசாலைக் கிளினிக்குக்கும், சளி காய்ச்சலுக்கு வீட்டுக்கு அருகிலுள்ள டிஸ்பென்சரிக்கும் போவதால், ஒருவர் எழுதியது மற்றவருக்குத் தெரியாமலே போய்விடுகிறது. ஆகவே எங்கே போனாலும் கிளினிக் கொப்பியைக் கையில் எடுத்துச்சென்று, "டிஜொக்சின் எடுக்கிறார்" என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள். இருமலுக்கு நாள்கணக்கில் அதிமதுரம் சேர்த்த கஷாயம் குடிப்பதையும் மறைக்கவேண்டாம். அதிமதுரம் தொடர்ந்து உட்கொண்டால் பொட்டாசியம் குறையும்.

குளிசை உறையை ஒருமுறை வெளிச்சத்தில் வைத்து வாசியுங்கள். 0.25 மில்லிகிராம் என்பது 250 மைக்ரோகிராம், 0.0625 மில்லிகிராம் என்பது 62.5 மைக்ரோகிராம். முன்னதில் ஒன்று பின்னதில் நான்குக்குச் சமம். கிளினிக்கில் மருந்து தீர்ந்துபோய் வெளியே வாங்கிய ஒரு மாதத்தில், ஒரு மருந்துக்கடையில் எங்களுக்கு 0.0625க்குப் பதிலாக 0.25 தந்துவிட்டார்கள், உறையில் எழுதியிருந்த "காலையில் 1" மட்டும் மாறவில்லை. பழைய அட்டையைக் கொண்டுபோயிருந்ததால் அங்கேயே பிடிபட்டது. தமிழ் மட்டும் வாசிக்கத் தெரிந்தவர்களுக்காக, உறையின் மேல் பெயரையும் அளவையும் தமிழில் நீங்களே எழுதிவிடுங்கள்.

அறிகுறிகளுள் முதலில் வருவது பெரும்பாலும் வயிறு சம்பந்தப்பட்டதாகவே இருக்கும்: பசியின்மை, ஓக்காளம், சத்தி, சிலவேளை வயிற்றோட்டம். இதனுடன் காரணமற்ற சோர்வும் தலைச்சுற்றும் வரலாம். வயதானவர்கள் நாள், நேரம் மறந்து குழம்பிப் பேசலாம். பார்வை மங்குதல், மஞ்சளாகத் தெரிதல், விளக்கைச் சுற்றி வட்டம் தெரிதல் ஆகியவை எல்லோருக்கும் வருவதில்லை. வந்தால் அதைக் கண்ணின் பிரச்சினை என்று ஒதுக்கவேண்டாம். சாப்பாட்டில் மனமில்லை என்று டிஜொக்சின் எடுக்கும் ஒருவர் இரண்டு நாள் தொடர்ந்து சொன்னால், வேறு காரணம் உறுதியாகும்வரை அது மருந்தின் வேலை என்றே எடுத்துக்கொள்ளவேண்டும் என்பது என் கருத்து. "வயசு போனால் அப்படித்தான்" என்ற சொல்லால்தான் நாங்கள் நான்கு நாள்களை வீணாக்கினோம்.

நாடி பார்க்கப் பழகிக்கொள்ளுங்கள். காலைக் குளிசைக்கு முன், நோயாளி ஐந்து நிமிடமாவது அமைதியாக உட்கார்ந்திருந்த பின், மணிக்கட்டில் பெருவிரல் பக்கமாக உங்கள் சுட்டுவிரலையும் நடுவிரலையும் மெதுவாக வையுங்கள்; உங்கள் பெருவிரலைப் பயன்படுத்தினால் உங்கள் துடிப்பையே எண்ணிவிடுவீர்கள். ஒழுங்கற்ற நாடியைப் பதினைந்து விநாடி எண்ணி நான்கால் பெருக்கினால் கணக்குப் பிழைக்குமாதலால், முழு 60 விநாடியும் எண்ணவேண்டும். 60க்குக் கீழே இருந்தால், உங்கள் வைத்தியர் வேறு எல்லை சொல்லியிருந்தாலன்றி, அன்றைய குளிசையைக் கொடுக்காமல் அவரைத் தொடர்புகொள்ளுங்கள். எப்போதும் தட்டுத்தடுமாறி ஓடும் பெரியம்மாவின் நாடி அன்று காலை கடிகாரம்போல் ஒழுங்காக அடித்ததைக் கண்டு எனக்கு முதலில் நிம்மதிதான் ஏற்பட்டது. மேலறைகளிலிருந்து வரும் துடிப்புகள் முற்றாகத் தடைப்பட்டு, இதயத்தின் கீழ்ப்பகுதி தன்பாட்டில் மெதுவாக அடிக்கும்போதும் நாடி அப்படி ஒழுங்காகிவிடும் என்பதை வைத்தியசாலை விடுதியில் ஒரு வைத்தியர் சொல்லித்தான் அறிந்தேன்.

சந்தேகம் எழுந்தால் அடுத்த டிஜொக்சின் குளிசையை நிறுத்திவையுங்கள். மற்றக் குளிசைகளை வைத்தியரைக் கேட்காமல் நிறுத்தவேண்டாம். மயக்கம், நெஞ்சுப் படபடப்பு, மூச்சுத்திணறல், குழப்பம், விடாத சத்தி ஆகியவற்றில் எது இருந்தாலும், அல்லது நாடி 50க்குக் கீழே இறங்கினாலும், 1990க்கு அழையுங்கள். சுவசெரிய அம்புலன்ஸ் இலவசமாக வரும். தவறுதலாகப் பல குளிசைகள் விழுங்கப்பட்டிருந்தால் அறிகுறிக்காகக் காத்திராமல் உடனே புறப்படவேண்டும். சத்தி எடுக்கவைக்க முயலக்கூடாது. நஞ்சுபற்றிய ஆலோசனைக்கான தேசிய நிலையம் கொழும்பு தேசிய வைத்தியசாலையில், அதாவது நம் பெரியாஸ்பத்திரியில், இயங்குகிறது. பொட்டாசியம் குறைந்திருக்குமென்று எண்ணிச் செவ்விளநீரை வெட்டிவெட்டிக் கொடுக்கவும் வேண்டாம். சிறுநீரகம் மந்தமான நிலையிலும், பெருந்தொகையான டிஜொக்சின் ஒரேயடியாக உட்சென்ற நிலையிலும் பொட்டாசியம் அபாயகரமாக உயர்ந்திருக்கலாம். எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறதென்பதை இரத்தப் பரிசோதனைதான் சொல்லும்.

போகும்போது எல்லாக் குளிசைகளையும் உறையோடு ஒரு பையில் போட்டு, கிளினிக் கொப்பியையும் எடுத்துச்செல்லுங்கள். கடைசிக் குளிசையை எத்தனை மணிக்கு எடுத்தார் என்பதைத் தாளில் குறித்துக்கொடுங்கள். குளிசை எடுத்து 6 மணித்தியாலம் ஆகுமுன் இரத்தம் எடுத்தால் மருந்தின் அளவு உள்ளதைவிட உயர்வாகத் தெரியும். வைத்தியசாலையில் ஈ.சி.ஜி. எடுப்பார்கள், பொட்டாசியம், சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியேற்றினின், இயன்றால் டிஜொக்சின் அளவு ஆகியவற்றையும் பார்ப்பார்கள். பலருக்கு மருந்தை நிறுத்தி, நீரையும் பொட்டாசியத்தையும் சரிசெய்து, இதயத்தைத் தொடர்ந்து கண்காணிப்பதே போதும். துடிப்பு மிகக் குறைந்தால் அற்றோபின் கொடுக்கப்படலாம். உயிராபத்தான நிலைக்கு, டிஜொக்சினைப் பற்றிப்பிடித்துச் செயலிழக்கச்செய்யும் பிறபொருளெதிரி மருந்து இருக்கிறது. இரத்தச் சுத்திகரிப்பு (டயலிசிஸ்) இங்கே உதவாது, ஏனெனில் மருந்தின் பெரும்பகுதி தசைகளில் தங்கியிருக்கும். சிறுநீரகம் நன்றாக இருப்பவரிடத்திலேயே மருந்து பாதியாகக் குறைய 36 முதல் 48 மணித்தியாலம் செல்லும். சிறுநீரகம் பழுதானவருக்கு நான்கு நாள்கூடப் பிடிக்கும். ஆகவே "ஆள் தெளிந்துவிட்டார்" என்று சொல்லித் துண்டு வெட்டி வீட்டுக்கு அனுப்புமாறு அவசரப்படுத்தாதீர்கள்.

வீடு திரும்பிய பின் அளவு குறைக்கப்பட்டிருக்கலாம், அல்லது மருந்தே மாற்றப்பட்டிருக்கலாம். ஒரு வேளை தவறி, 12 மணித்தியாலத்துக்கு மேல் கடந்திருந்தால் அதை விட்டுவிடுங்கள். ஒருபோதும் இரண்டாக எடுக்கக்கூடாது. சத்தியோ வயிற்றோட்டமோ வந்தால், குளிசையைத் தொடர்வதா என்று அன்றைக்கே வைத்தியரைக் கேளுங்கள். பழைய குளிசைகளைத் தேடி அகற்றுங்கள். சிறு பிள்ளைக்குச் சில குளிசைகளே உயிருக்கு ஆபத்தாகலாம். பெரியம்மாவின் தையல் இயந்திர இழுப்பறையில், பழைய ரசீதுகளுக்கு அடியில், 0.25 அட்டைகள் மூன்று இருந்தன. "வீணாக்கக்கூடாது எண்டுதான் வச்சனான்" என்றார்.