நட்ட ஈடு வழக்கு: போடும் முன் தேதி, முடிந்தபின் காரணம்

பக்கத்து மனையில் அஸ்திவாரம் தோண்டியதில் உங்கள் வீட்டுச் சுவர் விரிசல் விட்டுவிட்டது என்று வைத்துக்கொள்வோம். கேட்டால் "பார்த்துச் செய்யறோம்" என்று சொல்லியே இழுப்பார்கள், நாமும் அக்கம்பக்கம் ஆயிற்றே என்று பொறுத்துப்போவோம். நியாயமான எத்தனையோ வழக்குகள் இப்படித்தான் காலம் கடந்து வீணாகின்றன. நம் நாட்டு சிவில் கோர்ட்டில் நட்ட ஈடு கேட்க நினைப்பவர்கள் எதை எந்த வரிசையில் கவனிக்க வேண்டும் என்று பார்ப்போம்.

முதல் படி: கடைசி நாளைக் கணக்கிடுங்கள்

1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தில் ஒரு அட்டவணை இருக்கிறது. அவதூறாக எழுதியதற்கு நட்ட ஈடு கேட்க, அது வெளியான நாளிலிருந்து ஒரே வருஷம்தான். கெட்ட எண்ணத்தோடு போட்ட பொய் வழக்குக்கும் ஒரு வருஷம், விடுதலையான நாளிலிருந்து. ஒப்பந்தத்தை மீறினால் மூன்று வருஷம். அட்டவணையில் தனியாகச் சொல்லாத எல்லாவற்றுக்கும் 113-ஆம் இனம், அதுவும் மூன்று வருஷம். நம் சுவர் இதில்தான் வரும்.

சம்பவம் நடந்த நாளைக் கணக்கில் சேர்க்கக் கூடாது. 2023 ஆகஸ்ட் 9-இல் விரிசல் விட்டது என்றால் 2026 ஆகஸ்ட் 9 கடைசி நாள். அது ஞாயிற்றுக்கிழமை, அதனால் திங்களன்று தாக்கல் செய்யலாம். செவ்வாய்க்கிழமை போனால் போனதுதான்.

தாமதத்தை மன்னிக்கச் சொல்லும் மனு மேல்முறையீட்டுக்கு உண்டு, அசல் வழக்குக்குக் கிடையாது. எதிராளி வாயே திறக்காவிட்டாலும், காலம் கடந்த வழக்கை நீதிபதி தாமாகவே தள்ளுபடி செய்தாக வேண்டும் என்று 3-ஆம் பிரிவு சொல்கிறது. வக்கீல் நோட்டீஸ் அனுப்பிவிட்டோம், பஞ்சாயத்து பேசிக்கொண்டிருக்கிறோம் என்பதற்காகக் காலம் நிற்காது. அரசின் மேல் வழக்கு என்றால் மட்டும் இரண்டு மாத முன்னறிவிப்பு கட்டாயம், அந்த இரண்டு மாதத்தைக் கழித்துக்கொள்ளலாம். பாதிக்கப்பட்டவர் சிறுவர் என்றால் 18 வயது முடிந்த பிறகுதான் காலம் ஓடும்.

இரண்டாம் படி: வழக்குரையில் தேதியை எழுதுங்கள்

வழக்கு மூலம், அதாவது வழக்குப் போடக் காரணமான சம்பவம், எப்போது எழுந்தது என்பதை வழக்குரையிலேயே (கோர்ட்டில் நீங்கள் முதலில் தாக்கல் செய்யும் மனுவிலேயே) சொல்ல வேண்டும். படித்த மாத்திரத்தில் காலாவதி என்று தெரிந்தால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 7 விதி 11-இன்படி தொடக்கத்திலேயே நிராகரித்துவிடுவார்கள். விரிசலின் படங்கள், பொறியாளர் மதிப்பீடு, கொத்தனாருக்குக் கொடுத்த ரசீது எல்லாவற்றிலும் தேதி இருக்கட்டும்.

மூன்றாம் படி: எழுவினாக்களைக் கவனியுங்கள்

எதிருரை, அதாவது எதிராளியின் எழுத்துமூலப் பதில், வந்தபின் கோர்ட் எழுவினாக்களை (தான் முடிவு செய்ய வேண்டிய கேள்விகளை) வனையும்: பிரதிவாதியின் கவனக்குறைவால்தான் சேதமா, வழக்கு காலத்துக்குள் போடப்பட்டதா, எவ்வளவு தொகை? தொகைக்குத் தனியாக ஆதாரம் காட்டுங்கள். தவறை நிரூபித்துவிட்டு, செலவை நிரூபிக்காமல் கோட்டைவிடுபவர்கள் நிறைய.

நான்காம் படி: தீர்ப்புரையைப் படியுங்கள்

ஜெயித்தோமா தோற்றோமா என்று கடைசிப் பக்கத்தை மட்டும் புரட்டாதீர்கள். வழக்கின் சுருக்கம், தீர்மானிக்க வேண்டிய விஷயங்கள், முடிவு, அந்த முடிவுக்கான காரணங்கள், இந்த நான்கும் தீர்ப்பில் இருக்க வேண்டும் என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 20 விதி 4. எதிருரையே தாக்கல் ஆகாத வழக்கில்கூட "வழக்கு தீர்ப்பாணையிடப்படுகிறது" என்று ஒற்றை வரியில் முடிக்கக் கூடாது என்று 1999-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. இது ரொம்ப முக்கியம் என்பேன். ஐந்து லட்சம் கேட்டவருக்கு ஒரு லட்சம் தந்தால், மீதி ஏன் இல்லை என்று தெரிந்துகொள்ள அவருக்கு உரிமை உண்டு.

பென்சிலை எடுத்து ஒவ்வொரு எழுவினாவுக்கும் எதிரே நீதிபதி சொன்ன காரணத்தைக் குறியுங்கள். பொறியாளர் அறிக்கை வா.சா.ஆ.3 (வாதி தரப்பின் மூன்றாவது சான்றாவணம்) என்று குறியிடப்பட்டிருந்தும் தீர்ப்பில் அதைப் பற்றிப் பேச்சே இல்லையா? அதுதான் மேல்முறையீட்டில் உங்கள் முதல் காரணம்.

ஐந்தாம் படி: நகல் மனு

தீர்ப்பு வந்த அன்றே சான்றிட்ட நகலுக்கு மனு போடுங்கள். மாவட்ட நீதிமன்றத்தில் மேல்முறையீடு என்றால் 30 நாள், உயர் நீதிமன்றம் என்றால் 90 நாள். நகல் தயாராக ஆகும் நாட்கள் இந்தக் கணக்கில் வராது. ஆனால் மனு போடாமல் நீங்கள் சும்மா இருந்த நாட்கள் வரும்.