வேலையை விடாமல் வேலை நேரத்தை மாற்றிக் கேட்பது எப்படி

கொழும்பு, கொள்ளுப்பிட்டியில் ஒரு தனியார் கம்பனியில் நெடுங்காலம் சம்பளப் பட்டியல் போட்டவள் நான். பிள்ளைக்காகவோ, படுக்கையில் கிடக்கும் அம்மாவுக்காகவோ நேரச் சலுகை கேட்டு வந்த எத்தனையோ பேர், அதை வாங்கிக்கொண்டு ஊழியர் என்ற உரிமையைக் கொடுத்துவிட்டுப் போனதைப் பார்த்திருக்கிறேன். "அக்கா, பெர்மனன்டை விட்டுட்டு கொன்ட்ராக்டில வரட்டாம், வீட்டில இருந்தே செய்யலாமாம். சைன் வைக்கட்டா?" என்று இப்போதும் தெரிந்த பிள்ளைகள் கேட்கிறார்கள். வைக்க முதல் இதை வாசியுங்கள்.

முதலில் உங்களுக்குத் தேவை என்ன என்று பிரித்துப் பாருங்கள். வேலை செய்யும் இடம் மாற வேண்டுமா, நேரம் மாற வேண்டுமா, வேலையின் அளவே குறைய வேண்டுமா? வத்தளையில் இருந்து வந்த ஒரு பிள்ளைக்கு வீட்டிலிருந்து வேலை தேவைப்படவே இல்லை. காலை ஏழரைக்குத் தொடங்கி மூன்றரைக்குக் கிளம்பினால் போதும், மாலை நெரிசலுக்கு முன் வீடு போய்ச் சேர்ந்துவிடுவாள். அதை மட்டும் கேட்டாள், கிடைத்தது. தேவையை விடப் பெரிதாகக் கேட்டால் மறுமொழியும் தாமதமாகும், பதிலுக்கு அவர்கள் கேட்பதும் பெரிதாக இருக்கும்.

அடுத்தது, இரண்டு கிழமைக்கு உங்கள் வேலைகளைக் குறித்து வையுங்கள். எது அலுவலக மேசையில் இருந்தே ஆக வேண்டியது, எது எங்கிருந்தும் செய்யலாம் என்று பிரியுங்கள். கணக்குப் பிரிவென்றால் மாத முடிவில் கட்டாயம் வருவேன் என்று நீங்களே முந்திச் சொல்லுங்கள். முகாமையாளரின் பயமே அதுதான். 2022 இல் பெற்றோல் வரிசையும் மின்வெட்டும் இருந்த மாதங்களில், "எங்கள் வேலைக்கு இது சரிவராது" என்று சொல்லிவந்த பல அலுவலகங்கள் வீட்டிலிருந்தே ஓடின. அந்தக் காலத்தில் உங்கள் பிரிவு எப்படி நடந்தது என்பதை நினைவுபடுத்துவதில் தவறில்லை.

பிறகு கடிதம். வாய்ப்பேச்சோடு விடாதீர்கள், முகாமையாளர் மாறினால் பேச்சும் போய்விடும். இப்படி எழுதலாம்:

"வரும் முதலாம் திகதி தொடக்கம் மூன்று மாதங்களுக்குப் பரீட்சார்த்தமாக, செவ்வாய், வியாழன் ஆகிய நாட்களில் வீட்டிலிருந்தும் ஏனைய நாட்களில் அலுவலகத்திலும் கடமையாற்ற அனுமதி கோருகிறேன். எனது பதவி, சம்பளம், சேவைக்காலம், லீவு, ஊழியர் சேமலாப நிதியம் (ஈ.பி.எஃப்.), ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதியம் (ஈ.ரி.எஃப்.) ஆகியன மாற்றமின்றித் தொடரும் என்ற அடிப்படையிலேயே இதைக் கேட்கிறேன்."

உங்கள் அலுவலகம் ஆங்கிலத்தில் நடந்தால் ஆங்கிலத்தில் எழுதுங்கள், ஆனால் அந்த இரண்டாவது வசனம் கட்டாயம் இருக்கட்டும். லப்டொப் யாருடையது, டேட்டா காசு யார் தருவது, கரண்ட் போனால் என்ன செய்வது என்பதையும் பதிலில் எழுதி வாங்குங்கள். வேலை முடியும் நேரத்தையும் போடச் சொல்லுங்கள். கடை, அலுவலக ஊழியர் சட்டத்தின்படி நாளுக்கு 8 மணி, கிழமைக்கு 45 மணி. அதற்கு மேல் செய்தால் ஒன்றரை மடங்கு ஓவர்டைம். இந்தச் சட்டத்துக்குள் வருகிறவருக்கு, இரவு ஒன்பது மணிக்கு வட்ஸ்அப்பில் வரும் வேலையும் வேலைதான்.

நேரத்தைக் குறைத்துச் சம்பளத்தையும் குறைக்கப் போகிறவர்கள் பணிக்கொடையை, அதாவது வேலையை விட்டு விலகும்போது கம்பனி மொத்தமாகத் தரும் காசை, கவனியுங்கள். 15 பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் இடத்தில் 5 வருடம் முடித்தவருக்கு, வருடத்துக்கு அரை மாதச் சம்பளம் கிடைக்க வேண்டும். அதைக் கணக்கிடுவது கடைசியாக வாங்கிய சம்பளத்தில். 120,000 ரூபா சம்பளத்தில் 10 வருடம் முடித்துப் போனால் 600,000 வரும். ஒன்பது வருடம் முழுநேரம் உழைத்து, கடைசி வருடத்தை மட்டும் 60,000 ரூபாவுக்குப் பகுதிநேரமாகச் செய்துவிட்டு விலகினால் வெறும் 300,000. ஒன்பது வருட உழைப்பின் பெறுமதி பாதியாகிவிடும். ஆகவே, முழுநேரம் வேலை செய்த வருடங்களுக்கு முழுச் சம்பளத்திலேயே கணக்கிடப்படும் என்று ஒரு வரி எழுதித் தரச் சொல்லுங்கள். நல்ல கம்பனிகள் தரும். கேட்காதவருக்கு யாரும் தாமாகத் தரமாட்டார்கள்.

பகுதிநேரம், தற்காலிகம், ஒப்பந்தம் என்று எந்தப் பெயரில் ஊழியராக இருந்தாலும் முதல் நாளில் இருந்தே ஈ.பி.எஃப். உண்டு. உங்கள் சம்பளத்தில் 8 வீதம், அவர்கள் பங்கு 12 வீதம், அதோடு ஈ.ரி.எஃப். 3 வீதம். "பார்ட் டைம் ஆட்களுக்கு இல்லை" என்று சொன்னால் அது பிழை.

இனி, "ராஜினாமாக் கடிதம் தந்துவிட்டு ஆலோசகராக வாருங்கள், அதே காசு கையில் வரும்" என்று சொன்னால் என்ன செய்வது? பேனையை எடுக்காதீர்கள், கல்குலேட்டரை எடுங்கள். 100,000 ரூபா சம்பளக்காரருக்காகக் கம்பனி ஈ.பி.எஃப்., ஈ.ரி.எஃப். என்று மேலும் 15,000 கட்டுகிறது. பணிக்கொடையை மாதமாகப் பிரித்தால் சுமார் 4,000. வருடத்தில் 14 நாள் ஆண்டு லீவும் 7 நாள் சுகவீன, அவசர லீவும் சேர்ந்தால் ஏறக்குறைய ஒரு மாத வேலை நாட்கள்; அதையும் மாதத்துக்குப் பிரித்தால் 8,000 அளவில். ஆக 127,000 ரூபாவுக்குக் குறைந்தால் நீங்கள் சம்பளக் குறைப்புக்குச் சம்மதிக்கிறீர்கள் என்று அர்த்தம். அதோடு, மாதக் கொடுப்பனவு 100,000 ரூபாவைத் தாண்டினால் பல சேவைகளுக்கு 5 வீத வரியைக் கழித்துத்தான் தருவார்கள். அதை ஆண்டு வரிக் கணக்கில் ஈடு செய்யலாம், ஆனால் கணக்குக் கொடுக்கும் வேலை உங்கள் தலையில்.

நாலு வருடமும் சில மாதங்களும் முடிந்த நேரத்தில் இந்தப் பேச்சு வந்தால் இன்னும் கவனம். ஐந்து வருடம் நிறையாமல் விலகினால் பணிக்கொடை இல்லை.

இரண்டு மூன்று வாடிக்கையாளர்களை வைத்துச் சுயமாக உழைக்க ஆசைப்படுகிறவர்கள் தாராளமாகப் போகலாம், அதுவும் நல்ல வழிதான். ஒரே கம்பனிக்கு, அவர்கள் சொல்லும் நேரத்தில், அவர்கள் சொல்கிறபடி, மாத முடிவில் காசு வாங்கி வேலை செய்கிறவர் வேறு. காகிதத்தில் ஆலோசகர் என்று போட்டுவிட்டதால் மட்டும் அவர் ஊழியர் இல்லை என்றாகிவிடாது.

பிணக்கு வந்தால் நாரஹேன்பிட்டியில் உள்ள தொழில் திணைக்களத்துக்குப் போங்கள். முறைப்பாட்டைத் தமிழிலேயே எழுதிக் கொடுக்கலாம். நியமனக் கடிதம், சம்பளச் சீட்டுகள், வங்கிக் கணக்குக் கூற்று, ஈ.பி.எஃப். இலக்கம், வேலை சொல்லி வந்த மின்னஞ்சல்கள், வட்ஸ்அப் செய்திகள் எல்லாவற்றையும் அச்செடுத்துத் திகதி வரிசையில் அடுக்கிக்கொண்டு போங்கள். கம்பனி மின்னஞ்சலைப் பூட்டிவிட்டால் பிறகு எடுக்க முடியாது. வேலையில் இருக்கும்போதே உங்கள் கடிதத்தையும் அவர்களின் பதிலையும் அச்செடுத்து வீட்டில் ஒரு ஃபைலில் போட்டு வையுங்கள்.