1669-ஆம் வருஷத்து முட்டை டீ போடுவது எப்படி

இங்கிலாந்து அரசவைப் பிரமுகர் கெனெல்ம் டிக்பி இறந்து நாலு வருஷம் கழித்து, 1669-இல் லண்டனில் அவருடைய சமையல் குறிப்புகள் அச்சாயின. அதில் முட்டை சேர்த்த டீயும் உண்டு. ஒரு பைண்ட், அதாவது சுமார் அரை லிட்டர் டீக்கு இரண்டு மஞ்சள் கரு, தேவையான சர்க்கரை. எவ்வளவு தேவை? சொல்லமாட்டார், அந்தக் காலத்துக் குறிப்புகளே அப்படித்தான், உங்கள் நாக்குதான் அளவு. கருவையும் சர்க்கரையையும் முதலில் நன்றாக அடித்து வையுங்கள். தேயிலை வெந்நீரில் எவ்வளவு நேரம் ஊறலாம் என்பதற்கு நிமிடக் கணக்கு இல்லை, 'மிசரேரே' (நம் பைபிளில் 51-ஆம் சங்கீதம்) நிதானமாகச் சொல்லி முடிக்கும் நேரம்தான் என்கிறார்; இரண்டு மூன்று நிமிடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்புறம் வடிகட்டி, கருவின்மேல் மெல்லிய தாரையாக ஊற்றிக்கொண்டே கலக்குங்கள். மொத்தமாகக் கொட்டினால் டம்ளரில் முட்டைப் பொரியல்தான் மிதக்கும். பால் வேண்டாம், சூடாகவே குடியுங்கள்.