முற்றுகைக்குள் ஒரு வீட்டின் குடிநீர்

மியான்மரில் 2023 இறுதியில் லாய்கோ நகரிலும் 2024-ல் லாஷியோ நகரிலும் சண்டை தெருவுக்குள்ளேயே வந்துவிட்டது. மௌல்மீன், தட்டோன், பெகு பக்கத்து நம் வீடுகளில் பலரும் அரிசி மூட்டையைத்தான் முதலில் அடுக்குகிறார்கள். கரண்ட் போனதும் மோட்டார் நின்றுவிடும். நாலு நாளில் கரிக்கும் விறகுக்கும் தட்டுப்பாடு வரும். பிறகு தண்ணீரைக் கொதிக்க வைக்க எதுவும் மிஞ்சாது. அதனால் தண்ணீரில் உள்ள கிருமியைக் கொல்ல ஒரு வீசை (சுமார் 1.6 கிலோ) பிளீச்சிங் பவுடர் முன்கூட்டியே வாங்கி, காற்றுப் புகாத பிளாஸ்டிக் டப்பாவில் ஈரம் படாமல் வையுங்கள்.

குடிக்கவும் சமைக்கவும் ஆளுக்கு நாளொன்றுக்கு 4 லிட்டராவது வேண்டும். கலங்கிய நீரைப் படிகாரக் கட்டியால் நாலைந்து சுற்றுச் சுற்றி, ஒரு மணி நேரம் தெளியவிட்டு, பழைய பருத்திக் கைலியை நாலாக மடித்து வடிகட்டுங்கள். சேறு இருந்தால் பவுடரில் உள்ள குளோரினை அதுவே தின்றுவிடும், கிருமி சாகாது.

கரைசலுக்கு 30 சதவீதக் குளோரின் உள்ள பிளீச்சிங் பவுடர் 33 கிராம், அதாவது வீசையில் ஐம்பதில் ஒரு பங்கு. மூக்கில் துணி கட்டிக்கொண்டு, திறந்த இடத்தில், ஒரு லிட்டர் தண்ணீரில் பவுடரைப் போட்டுக் கலக்குங்கள். அடியில் சுண்ணாம்பு படிந்ததும் மேல் தெளிவை நிறமுள்ள பிளாஸ்டிக் பாட்டிலில் ஊற்றி, இருட்டில் வையுங்கள். ஒரு வாரத்துக்குமேல் அதை நம்ப வேண்டாம். பினாயிலோ வேறு கழுவும் திரவமோ சேர்ந்தால் விஷப்புகை வரலாம்.

தெளிந்த நீர் 10 லிட்டருக்கு ஒரு டீஸ்பூன் கரைசல். 18 லிட்டர் மண்ணெண்ணெய் டின்னில் தண்ணீர் கொண்டுவரலாம், ஆனால் மருந்து போடுவது பிளாஸ்டிக் வாளியில்தான்; தகரத்தைக் குளோரின் அரிக்கும். மூடிவைத்து அரை மணி கழித்து முகர்ந்து பாருங்கள். லேசாகக் குளோரின் வாடை வர வேண்டும். வராவிட்டால் அதே அளவு இன்னொரு முறை, இன்னும் அரை மணி. வாடை பிடிக்காமல் பிள்ளைகள் குடிக்க மறுப்பார்கள். மூடியைச் சற்றுத் திறந்து வைத்தால் குறையும்.

உப்பேறிய கிணற்றுக்கு இது உதவாது. உப்பையோ மண்ணெண்ணெயையோ குளோரின் எடுக்காது. கோடையில் சால்வீன் ஆற்றின் முகத்துவாரத்தை ஒட்டியிருப்பவர்கள் உள்பக்கத்துக் கிணறு எது என்று இப்போதே பார்த்து வையுங்கள்.

பவுடர் தீர்ந்துவிட்டால், தெளிந்த நீரை நிறமற்ற 2 லிட்டர் பாட்டில்களில் நிரப்பி, 6 மணி நேரம் நல்ல வெயிலில் படுக்க வையுங்கள். மேகமூட்டமானால் இரண்டு நாள். இதற்காகக் கூரை ஏறாதீர்கள், முற்றத்தில் ஒரு தகரத் துண்டு போதும். மழைக்காலத்தில் இந்த முறை பலிக்காது. முதல் பத்து நிமிட மழையை ஓடவிட்டு, அடுத்ததைப் பிடித்து மருந்து போடுங்கள். நிரப்பிய பாட்டில்களை இரண்டு மூன்று அறைகளில் பிரித்து, ஜன்னலுக்கு விலகி வைப்பது நல்லது.