ஐம்பதுகளின் கார்ட்டூன் பாணி: தவிர்க்க வேண்டிய தவறுகள்

1950களின் அமெரிக்கக் குறும்பட கார்ட்டூன்களைப் பார்த்து மயங்கி, அதே தட்டையான, குறும்பான பாணியில் படம் செய்யப் பலர் வருகிறார்கள். நான் தொடங்கியபோது சறுக்கிய இடங்களில்தான் அவர்களும் சறுக்குகிறார்கள். லேயர்களைக் குழப்பிக்கொள்வது, கோப்பைச் சேமிக்க மறப்பது எல்லாம் பழகப் பழகச் சரியாகிவிடும். அவற்றை விட்டுவிடுகிறேன்.

வரையும் படங்கள் குறைந்தால் வேலையும் குறையும் என்று நினைப்பது

இன்றும் எனக்கு எரிச்சல் மூட்டுவது இதுதான். யுபிஏ ஸ்டுடியோவின் 'ஜெரால்ட் மெக்போயிங்-போயிங்' (1950), பேச்சுக்குப் பதில் விதவிதமான ஓசைகள் எழுப்பும் சிறுவனின் கதை. சுவரும் தரையும் சேரும் இடத்தில் கோடே இருக்காது. அவன் மனநிலை மாறினால் பின்னணி நிறம் மாறும். ஆஸ்கர் வாங்கிய படம். இதைப் பார்த்துவிட்டு, நாலு கோடு போட்டால் போதும் என்று முடிவு கட்டிவிடுகிறார்கள்.

இதை இயக்கிய ராபர்ட் கேனன், அதற்கு முன் வார்னர் கார்ட்டூன் ஸ்டுடியோவில் முழு அனிமேஷன் (ஒவ்வொரு அசைவையும் நிறையப் படங்களாக வரைவது) செய்து கைதேர்ந்தவர். 1941 வேலைநிறுத்தத்தை ஒட்டி டிஸ்னியை விட்டு வந்தவர்களும் யுபிஏவில் இருந்தார்கள். எதை விடலாம் என்று தெரிந்தவர்கள் குறைத்தார்கள்.

என்னிடம் பயின்ற ஒருவர் அருமையான பாத்திரங்களை வரைந்தார். இரண்டு போஸ் வைத்துவிட்டு, நடுவில் உள்ளதை சாஃப்ட்வேரிடம் ஒப்படைத்தார். கை, கால், தலை எல்லாம் ஒரே வேகத்தில் வழுக்கின. திடுக்கிட வேண்டிய தபால்காரர் மெல்ல மிதந்தார். பல மாத உழைப்பு வீண். விழாவுக்கு அனுப்பும் கடைசி நாளும் போய்விட்டது. அப்புறம் முதல் காட்சியிலிருந்து திரும்பச் செய்தார்.

இரண்டு போஸுக்கு நடுவில் வரையும் இடைப்படங்கள் குறைந்தால், இருக்கும் ஒவ்வொரு போஸும் அசையாமல் நின்றே கதை சொல்லியாக வேண்டும். வினாடிக்கு 24 ஃபிரேம். ஒரு போஸ் எத்தனை ஃபிரேம் நிற்கிறது, எத்தனையில் அடுத்ததற்குத் தாவுகிறது என்பதை வரைவதற்கு முன்பே எழுதிவையுங்கள். நாலைந்து ஃபிரேம் கூடினாலே சிரிப்பு வராது.

ஸ்மியரை நிறுத்திவைப்பது

வார்னர் இயக்குநர் சக் ஜோன்ஸின் 'தி டோவர் பாய்ஸ்' (1942) படத்தில் உருவம் நீண்டு இழுபட்டு அடுத்த போஸுக்குத் தாவும். அந்த இழுபட்ட படம்தான் ஸ்மியர். கண் பிடிப்பதற்குள் அது மறைந்துவிட வேண்டும்.

பழைய படம்போல் தெரிய தூசியும் கீறலும் சேர்ப்பது

வேண்டாம். அந்தக் கார்ட்டூன்கள் டெக்னிகலர் என்ற வண்ணப்பட முறையில் பளிச்சென்று ஓடியவை.

இசையைக் கடைசியில் யோசிப்பது

வார்னரில் இயக்குநர் தாளக்கணக்குப் போட்டு முடித்த பிறகுதான் காட்சி அனிமேட்டரின் மேசைக்குப் போகும். அங்கே இசையமைத்த கார்ல் ஸ்டாலிங்கின் இசை ஒவ்வொரு காலடியிலும் பிசகாமல் வந்து விழுவது அதனால்தான்.